அடித்தெழுதிய பத்தொன்பது

ஆரணி ஒளிநீர் உடன்படிக்கை அலுவலகத்தில் நான் இருபத்து மூன்று வருஷம் உட்கார்ந்திருந்த நாற்காலியில் இப்போது கலைவாணி உட்கார்ந்திருக்கிறார். போன வாரம் வீட்டுக்கு வந்தபோது, அந்த நாற்காலியின் முன்கால் இன்னும் ஆடுகிறதா என்று கேட்டேன். ஆடுகிறது, மடித்த காகிதம் கொடுத்து நிறுத்தியிருக்கிறேன் என்றார். அந்தக் காகிதம் நான் வைத்ததாகத்தான் இருக்கும்.

அவர் நாற்காலியைப் பற்றிப் பேச வரவில்லை. உடன்படிக்கையைப் புதுப்பிக்கப் போகிறார்களாம். அதற்காகப் பழைய பதிவேடுகளை எடுத்துப் புரட்டியிருக்கிறார். ஒரு பக்கத்தை நகலெடுத்துக் கொண்டு வந்து என் மடியில் வைத்தார். ஊற்றார் எண்ணிக்கை என்ற கட்டத்தில் பத்தொன்பது என்று இருந்தது. ஆனால் அது அடித்து எழுதின பத்தொன்பது. அடியில் வேறு ஏதோ எண். பக்கத்தில் ஒரு சுருக்கொப்பம்.

கலைவாணிக்கு இரண்டு கேள்வி. அடியில் இருந்த எண் என்ன? திருத்தம் செய்தால் இரண்டு பேர் சுருக்கொப்பம் இட வேண்டும் என்பது விதி, இங்கே ஒன்றுதானே இருக்கிறது, ஏன்? யோசித்துச் சொல்கிறேன் என்று காப்பி கொடுத்து அனுப்பிவிட்டேன். யோசிக்க ஒன்றும் இல்லை. வாயால் சொல்ல வரவில்லை, அவ்வளவுதான். அதனால் எழுதுகிறேன்.

வெளியூர்க்காரர்களுக்கு முதலிலிருந்து சொல்ல வேண்டும். எங்கள் ஊரில் பட்டு நெய்கிறார்கள் என்பது எல்லோருக்கும் தெரியும். அதில் ஒளிப்பட்டு என்று ஒரு ரகம் உண்டு. கரண்ட் போன கல்யாண மண்டபத்தில் பெண்ணைத் தேட வேண்டாம், அவளாகவே தெரிவாள் என்று சொல்லித்தான் கடைக்காரர்கள் அதை விற்பார்கள். அந்த ஒளி சாயத்தில் இல்லை, தண்ணீரில் இருக்கிறது. சந்தவாசலைத் தாண்டி, மலையடிவாரத்தில் இறங்கி, ஒரு மணி நேரம் ஏறினால் ஓர் ஊற்று. அந்தத் தண்ணீரைக் குடத்தில் பிடித்து வந்து சாயத்தொட்டியில் கலப்பார்கள்.

அந்த ஊற்றில் குடியிருப்பவர்கள் ஊற்றார். நம் நெஞ்சு உயரம் இருப்பார்கள். தண்ணீர் நிறைந்த கண்ணாடி டம்ளருக்குப் பின்னால் ஒருவர் நின்றால் எப்படித் தெரிவாரோ, அப்படித் தெரிவார்கள். அவர்களுக்குச் சோறும் அந்த ஒளிதான், ரத்தமும் அதுதான். ஊற்றில் ஒளி குறைந்தால் முதலில் அவர்கள் உருவம் மங்கும். அப்புறம் குரல் போகும். அதற்கப்புறம் ஆளே போய்விடும். நமக்கு அது சேலைக்கு மெருகு. இந்த வித்தியாசத்தைச் சரிக்கட்டத்தான் உடன்படிக்கை.

ஆரணியை ஜாகிர்தார்கள் ஆண்ட காலத்தில் எழுதிய உடன்படிக்கை அது. வளர்பிறை பதினைந்து நாள் ஊருக்கு, தேய்பிறை பதினைந்து நாள் ஊற்றாருக்கு. அமாவாசைக்கு மறுநாள் காலை, ஊர் முதல் குடத்தை எடுப்பதற்கு முன்னால், ஊற்றை அளக்க வேண்டும். ஒளிக்கு ஆறு தரம், ஆறுதான் உச்சம். நான்காம் தரத்துக்குக் குறைந்தால் ஊர் ஒரு சொட்டுக் கூட எடுக்கக் கூடாது, ஏறும்வரை காத்திருக்க வேண்டும். கீழே ஊர்ப் பெரியவர்கள் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். ஊற்றார் எழுத மாட்டார்கள், முடிச்சுப் போடுவார்கள். காகிதத்தின் அடியோரத்தில் பத்தொன்பது பட்டு நூல் தொங்கும், ஒவ்வொன்றிலும் ஒரு முடிச்சு. ஒருவர் முடிச்சு மாதிரி இன்னொருவர் முடிச்சு இருக்காது. அவர்களில் பிறப்பதும் அபூர்வம், சாவதும் அபூர்வம். நான் வேலைக்குச் சேர்ந்தபோதும் அதே பத்தொன்பது பேர்தான் இருந்தார்கள். அவர்கள் பெயர் தண்ணீர் சொட்டுகிற சத்தம் மாதிரி இருக்கும், எழுதவே வராது. எனவே அரசாங்கம் ஒன்று முதல் பத்தொன்பது வரை நம்பர் போட்டுவிட்டது. நம்பர் போட்டபின் அரசாங்கத்துக்கு ஒருவரைப் பற்றித் தெரிந்துகொள்ள வேறொன்றும் மிச்சமில்லை.

நான் எழுபதுகளின் தொடக்கத்தில் அளவராகச் சேர்ந்தேன். மூன்று மாதம் பயிற்சி. அதில் கற்றுக்கொண்டது வெற்றிலை போடுவது மட்டும்தான். கேலி இல்லை. ஒளியை அளக்கப் பட்டுச் சிட்டத்தை, அதாவது ஒரு கற்றை நூலை, 'ஒரு வெற்றிலை மென்று முடிக்கும் நேரம்' ஊற்றில் வைத்திருக்க வேண்டும் என்று உடன்படிக்கையில் இருக்கிறது. அலுவலகத்தில் கடிகாரம் இருந்தது, ஆனால் கடிகாரத்துக்கு உடன்படிக்கையில் இடமில்லை. அரசுப் பணிக்காகப் பல் சிவந்தவன் இந்த ஜில்லாவில் நான் ஒருவன்தான் என்று நினைக்கிறேன். கல்யாணத்துக்குப் பெண் பார்க்கப் போனபோது இதை விளக்கிச் சொல்ல ரொம்ப நேரம் ஆனது.

அளக்கிற முறை இதுதான். விடிந்ததும் ஜீப்பில் கிளம்பி, மலையேறி, ஊற்றருகில் உட்காருவேன். வெற்றிலையை வாயில் போடும்போது சிட்டத்தை நீரில் விடுவேன், துப்பும்போது எடுப்பேன். கையோடு ஒரு மாதிரிப் பெட்டி இருக்கும், அதில் ஆறு தரத்துக்கும் ஆறு மாதிரிச் சிட்டங்கள். பழைய போட்டோக்காரர்கள் மாதிரி ஒரு கறுப்புத் துணிக்குள் தலையை விட்டு, நனைந்த சிட்டம் எந்த மாதிரியோடு பொருந்துகிறது என்று பார்த்துப் பதிவேட்டில் எழுத வேண்டும்.

பெட்டியைத் தூக்கி வருவது பியூன் தரணேந்திரன். ஆரணிப் பக்கத்துக் கிராமத்து ஜைனர். நிலம் இருந்தது, படிப்பு இருந்தது, ஏனோ பியூன் வேலையில் வந்து மாட்டிக்கொண்டார். பட்டைத் தொட மாட்டார். புழுவை உயிரோடு வேகவைத்து எடுக்கிற நூல் என்பது அவர் நியாயம். பட்டு ஊரில், பட்டை அளக்கிற ஆபீசில், பட்டைத் தொடாத பியூன். பெட்டியைத் தூக்குவார், திறந்தும் வைப்பார், உள்ளே இருப்பதை நான்தான் எடுக்க வேண்டும். அதற்காக நாங்கள் அவரைச் செய்யாத கேலி இல்லை. அவர் பாட்டுக்கு, ஜைன வழக்கப்படி பொழுது சாய்வதற்குள் சாப்பிட வேண்டுமென்று டிபன் பாக்ஸைத் திறந்துவிடுவார்.

பத்துப் பன்னிரண்டு வருஷம் ஒரு குறையும் இல்லாமல் ஓடியது. ஐந்து, ஐந்து, சில கோடைகளில் நாலரை. அப்புறம் சபாபதி சார் வந்தார்.

சபாபதி சார் தெற்கிலிருந்து மாற்றலாகி வந்த தனி அலுவலர். அவரைப் பற்றி நிதானமாகச் சொல்ல வேண்டும், அப்படிப்பட்டவர் இனிமேல் பிறக்க மாட்டார். சட்டையில் ஒரு மடிப்புக் கலையாது. ஊற்றைப் பற்றி ஐந்து வருஷம் உத்தரவு போட்டார், ஊற்றை ஒரு தடவை கூடப் பார்க்கவில்லை. ஜீப் போகிற தூரம்தான் அவருடைய அதிகார எல்லை. கையில் ஒரு பக்கம் சிவப்பு, ஒரு பக்கம் நீலம் உள்ள பென்சில் இருக்கும். தனக்குச் சம்மதமானதை நீலத்தில் டிக் அடிப்பார். சம்மதமில்லாததைச் சிவப்பில் அடிப்பார் என்று நினைத்தால் நீங்கள் அரசு ஆபீசில் வேலை பார்த்ததில்லை. சம்மதமில்லாத கோப்பின் ஓரத்தில் 'பேசவும்' என்று எழுதுவார். நாம் உள்ளே போய் நின்றால் பேசுவார். அவர் பேசியது எதுவும் கோப்பில் இருக்காது, நாம் வெளியே வந்து எழுதியது மட்டும் இருக்கும்.

அவர் வந்த சமயம் ஊற்று நாலரையிலிருந்து நாலுக்கு இறங்கிக்கொண்டிருந்தது. ஒளிப்பட்டுக்கு வடக்கே நல்ல கிராக்கி, தெருவுக்குத் தெரு புதிதாகச் சாயத்தொட்டி கட்டிக்கொண்டிருந்தார்கள். என் மச்சானே இரண்டு தொட்டி கட்டியிருந்தார். ஊற்று நாலுக்குக் கீழே போனால் தொட்டியெல்லாம் காய வேண்டியதுதான்.

ஒவ்வொரு அறிக்கையோடும் நனைத்த சிட்டத்திலிருந்து ஒரு பிடி நூலைக் கட்டி மேலிடத்துக்கு அனுப்புவோம். அது கச்சாப் பட்டு. புழுக்கூட்டிலிருந்து எடுத்தபடி, பசையோடு, விறைப்பாக, பழுப்பாக இருக்கும். சபாபதி சார் அதை இரண்டு விரலால் தூக்கிப் பார்த்தார். அழுக்குத் துணியைத் தூக்கினதுபோல் முகம் போனது. இதைப் பார்த்தால் மேலிடத்தில் ஆரணிப் பட்டைப் பற்றி என்ன நினைப்பார்கள் என்று கேட்டார். நல்ல பட்டாக, வெள்ளையாக, பளபளவென்று இருப்பதை வாங்கி அளக்கச் சொன்னார்.

நல்ல பட்டு என்றால் வெந்த பட்டு. சோப்பும் சோடாவும் போட்டு வேகவைத்துப் பசையை எடுத்த நூல். அது மெத்தென்று இருக்கும், கச்சாப் பட்டைவிட அதிகமாகத் தண்ணீர் குடிக்கும். தண்ணீரை அதிகம் குடித்தால் ஒளியையும் அதிகம் குடிக்கும். மாதிரிப் பெட்டியில் இருப்பதெல்லாம் கச்சாப் பட்டில் செய்த மாதிரிகள். வெந்த பட்டை அதோடு ஒப்பிட்டால் ஊற்று எப்போதும் ஒன்றரை, இரண்டு தரம் கூடத்தான் காட்டும். இது ஆரணியில் தறிக்காரர் வீட்டில் பிறந்த எவனுக்கும் தெரியும். நான் தறிக்காரர் வீட்டில் பிறந்தவன்.

குறிப்பு எழுதி வைத்தேன். ஓரத்தில் 'பேசவும்' என்று வந்தது. போய் நின்றேன். உடன்படிக்கையில் பட்டு என்றுதானே இருக்கிறது, கச்சாப் பட்டு என்று எங்கேயாவது இருக்கிறதா என்று கேட்டார். இல்லை. சாயத்தண்ணீரைக் கச்சாப் பட்டில்தான் சோதிப்பார்கள் என்பது எழுதியவர்களுக்குச் சொல்ல வேண்டியதாகவே தோன்றியிருக்காது. இட்லிக்கு அரிசியை ஊறவைத்து அரைக்க வேண்டுமென்று யார் எழுதி வைப்பார்கள்?

"அப்ப வெந்த பட்டு பட்டு இல்லையா?" என்றார்.

"பட்டுதான் சார்."

"அவ்வளவுதான். பார்த்துச் செய்யுங்க."

பார்த்துச் செய்யுங்க என்பது அரசாங்கத்தில் மிக ஆபத்தான உத்தரவு. பார்த்தவனும் நீ, செய்தவனும் நீ. அடுத்த அமாவாசைக்கு மறுநாள் வெந்த பட்டை எடுத்துப் போனேன். ஐந்தரை காட்டியது. சபாபதி சார் நீலத்தில் டிக் அடித்து, பாருங்க, ஊத்து எவ்வளவு நல்லா இருக்கு என்றார். அந்த வாரம் மச்சான் வீட்டில் என்னைக் கூப்பிட்டு விருந்து வைத்தார்கள். அடுத்த தடவை சரி செய்துவிடலாம் என்று நினைத்துக்கொண்டேன். இரண்டு வருஷம் அப்படியே நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த இரண்டு வருஷமும் ஊற்றருகே ஊற்றார் வந்து நிற்பது குறைந்துகொண்டே வந்தது. வெயில் அதிகம், உள்ளே இருப்பார்கள் என்று நானே எனக்குச் சொல்லிக்கொண்டேன். தரணேந்திரன் மட்டும் திரும்பும் வழியில் ஒரு நாள் சொன்னார், "அவங்க நிக்கிறாங்க சார். நமக்குத்தான் தெரியல." நான் வெற்றிலையை மென்றபடி நடந்தேன்.

பிறகு ஒரு நாள் மனு வந்தது. வெறும் காகிதம், கீழே ஒரு கச்சா நூல், அதில் ஒரு முடிச்சு. மூன்று சுற்று, கடைசியில் நெற்கதிர் மாதிரி ஒரு வால். ஏழாம் நம்பரின் முடிச்சு. தரணேந்திரன் அவரை ஏழம்மா என்று கூப்பிடுவார், அதனால் எங்களுக்கும் ஏழம்மாதான். எழுத்தைச் சந்தவாசலில் யாரோ எழுதிக் கொடுத்திருந்தார்கள். நாங்கள் கரைந்துகொண்டிருக்கிறோம், ஊர் எடுப்பதை நிறுத்துங்கள், இரண்டே வரி.

விசாரணைக்கு நாள் குறித்து நோட்டீஸ் போனது. மலையிலிருந்து ஆரணி வரை, தண்ணீரில் வாழ்கிற ஒருவர், காலை பதினோரு மணிக்கு ஆஜராக வேண்டும். ஏழம்மா வந்துவிட்டார். வந்தது எப்படித் தெரிந்தது என்றால், வராந்தாவில் ஈரக் கால்தடம் வரிசையாக வந்தது. கால் தெரியவில்லை. தரணேந்திரன் ஓடிப்போய் நாற்காலி எடுத்துப் போட்டார்.

"அந்தம்மா வந்து உக்காந்துகினு இருக்காங்க சார்" என்று உள்ளே போய்ச் சொன்னார்.

சபாபதி சார் வந்தார், நாற்காலியைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடியும் பார்த்தார். நாற்காலியில் ஈரம் மட்டும் இருந்தது.

"வணக்கம் சார்" என்றது ஒரு குரல். கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் மெதுவாக வந்தது.

"வணக்கம், உக்காருங்கம்மா" என்றார் சபாபதி சார். பழக்கதோஷம். மரியாதையில் அவரிடம் ஒரு குறையும் சொல்ல முடியாது. வெயிலில் வந்திருக்கிறீர்களே, தண்ணீர் குடிக்கிறீர்களா என்று கூடக் கேட்டார். விதிப் புத்தகத்தைப் பிரித்து, மனுதாரரை விசாரணை அலுவலர் கண்ணால் கண்டு அடையாளத்தை உறுதிசெய்ய வேண்டும் என்கிற பகுதியை அந்த நாற்காலிக்கே படித்துக் காட்டினார். பிறகு எனக்குச் சொல்லச் சொல்ல எழுத வைத்தார்: மனுதாரர் ஆஜரில்லை.

"எதிருக்கத்தானே பேசிகினு இருக்கேன்" என்றார் ஏழம்மா.

பேச்சு சரிதான் அம்மா, விதியில் பேச்சைப் பற்றி ஒன்றும் இல்லை என்றார் சபாபதி சார். முடிச்சு இருக்கிறதே என்று நான் மெதுவாகச் சொல்லிப் பார்த்தேன். முடிச்சுக்கு முகம் இருக்கிறதா என்று கேட்டார். தெரிவதற்கு ஒளி வேண்டும், ஒளி இல்லை என்பதுதான் மனு, மனுவை எடுத்துக்கொள்ள வேண்டுமானால் தெரிய வேண்டும். இந்த ஒழுங்கில் ஓர் ஓட்டையும் இல்லை. அதில் உண்மையிலேயே அவருக்கு ஒரு பெருமை இருந்தது.

எனக்கு ஒரு யோசனை. மேசைமேல் அளவுச் சிட்டம் கிடந்தது. அதை எடுத்துப் பிடியுங்கம்மா, சார் பார்க்கட்டும் என்றேன். சிட்டம் மெல்ல எழும்பி அந்தரத்தில் நின்றது. சபாபதி சார் அதைக் கவனமாகப் பார்த்துவிட்டு எழுதச் சொன்னார்: 'மேசைமேல் இருந்த நூல் சிட்டம் சிறிது நேரம் உயர்ந்து காணப்பட்டது. மனுதாரர் காணப்படவில்லை.'

சிட்டம் இறங்கவில்லை. யாரோ விரலால் நீவிப் பார்ப்பதுபோல் இழைகள் பிரிந்து பிரிந்து சேர்ந்தன.

"இது வெந்த பட்டு" என்றார் ஏழம்மா. "இதாலயா ஊத்தை அளக்கறீங்க?"

சபாபதி சார் என் பக்கம் திரும்பினார். "அப்படியா ஏகாம்பரம்?"

இரண்டு வருஷமாக ஒருவரும் கேட்காத கேள்வி. ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். "பாக்கணும் சார்" என்றேன்.

சிட்டம் மேசைக்கு இறங்கியது. "ஆரணியில பொறந்தவருக்குப் பாத்துத்தான் தெரியணுமா?" என்றது குரல். அதில் கோபம் கூட இல்லை. ஈரத் தடம் படியிறங்கிப் போனது. தரணேந்திரன் கூடவே பஸ் ஸ்டாண்டு வரை நடந்தார். போளூர் வண்டியில் காலியாக இருந்த ஸீட்டுக்கு அவர் டிக்கெட் எடுத்ததை வைத்து ஊரே ஒரு மாதம் சிரித்தது. நானும் சிரித்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

அந்தக் கேள்வி மட்டும் என்னை விடவில்லை. அடுத்த அமாவாசைக்கு மறுநாள் வீட்டிலிருந்து ஒரு கச்சாச் சிட்டத்தை மடியில் மறைத்து எடுத்துப் போனேன். ஊற்றில் விட்டேன். கறுப்புத் துணிக்குள் தலையை விட்டால் சிட்டத்தைத் தேட வேண்டியிருந்தது. இரண்டாம் தரம். அதையும் மனசு வைத்துத்தான் சொல்ல வேண்டும்.

அன்றே எழுதிவிட்டேன். இரண்டு வருஷ அளவும் தவறு, வெந்த பட்டில் எடுத்தவை, எடுத்தவன் நான், ஊர் உடனே நிறுத்த வேண்டும். சபாபதி சாருக்கு வைக்காமல் நேரே மேலிடத்துக்குத் தபாலில் போட்டேன். என் வாழ்க்கையில் நான் செய்த ஒரே வீரச்செயல் அது. அதற்குள் ஊற்று இரண்டுக்கு வந்துவிட்டது என்பதால் ரொம்பவும் மெச்சிக்கொள்ள வேண்டாம்.

கோப்பு போய்வந்தது பதினொரு மாதம். முதலில், கச்சாப் பட்டைப் பட்டு என்று கருதலாமா என்று விளக்கம் கேட்டார்கள். கொடுத்தோம். வெந்த பட்டு வெந்ததுதான் என்பதற்கு வேகவைத்தவரிடம் சான்று கேட்டார்கள். அவர் இறந்துபோயிருந்தார், அவர் மகனிடம் வாங்கிக் கொடுத்தோம். மனுதாரர் ஆஜராகாத மனுவின் மேல் நடவடிக்கை எடுக்கலாமா என்று சட்டக் கருத்துக் கேட்டார்கள். இவ்வளவும் நடக்கும்போது மாதாமாதம் வளர்பிறையில் ஊர் குடம் குடமாக எடுத்துக்கொண்டிருந்தது, ஏனென்றால் நிறுத்தச் சொல்லி இன்னும் உத்தரவு வரவில்லை.

கடைசியில் உத்தரவு வந்தது. ஊர் ஒரு வருஷம் தண்ணீர் எடுக்கக் கூடாது. நியாயமான உத்தரவு, நல்ல தமிழில் இருந்தது. அதை ஊற்றாரிடம் நேரில் கொடுத்து, ஒப்புதல் வாங்கி, பயனடைந்த ஊற்றார் எண்ணிக்கையைப் பதிவேட்டில் எழுத வேண்டும்.

நானும் தரணேந்திரனும் போனோம். ஊற்றருகே யாரும் தெரியவில்லை. உத்தரவை வாய்விட்டுப் படித்தேன். பதில் குரல் இல்லை. ஏழம்மா என்று கூப்பிட்டேன். தண்ணீர் சொட்டுகிற சத்தம் கூட இல்லை. உருவம் போய், குரலும் போயிருந்தது. அதற்கப்புறம் என்ன என்பது எங்கள் இருவருக்கும் தெரியும்.

ஆள் இருந்தால் கையில் பிடிக்க முடியுமே என்று தோன்றியது. கச்சாச் சிட்டத்தைப் பிரித்துப் பத்தொன்பது நூல் அறுத்தேன். ஒவ்வொன்றாகத் தண்ணீர்மேல் நீட்டி, இருக்கிறவர்கள் எடுத்து முடிச்சுப் போட்டுக் கொடுங்கள் என்று சொல்ல வேண்டும். நீட்டினால் என் கை நடுங்கியது. என் நடுக்கத்தில் நூல் ஆடுகிறதா, யாராவது இழுத்து ஆடுகிறதா என்று தெரியவில்லை. இரண்டு தடவை முயன்றுவிட்டுப் பாறையில் உட்கார்ந்துவிட்டேன்.

"குடுங்க சார்" என்றார் தரணேந்திரன்.

என் கையிலிருந்த நூல்களை வாங்கிக்கொண்டார். எத்தனையோ வருஷமாகப் பட்டைத் தொடாத மனிதர். முழங்கால் அளவு தண்ணீரில் இறங்கி ஒரு நூலை நீட்டிக்கொண்டு நின்றார். ரொம்ப நேரம். நூல் அவர் விரலிலிருந்து நழுவி மேலே எழும்பியது, சுருண்டது, ஒரு முடிச்சோடு அவர் உள்ளங்கையில் வந்து விழுந்தது. நான் சின்னப் பிள்ளை மாதிரி அழுதேன். அவர் அடுத்த நூலை நீட்டினார்.

ஐந்து நூல் திரும்பி வந்தது. ஆறாவது நூலை வெயில் சாயும்வரை நீட்டிக்கொண்டு நின்றார். அவருடைய சாப்பாட்டு நேரம் கடந்துபோனது. அன்று அவர் சாப்பிடவில்லை.

ஐந்து முடிச்சையும் பாறையில் பரப்பி வைத்துப் பார்த்தோம். மூன்று சுற்றும் நெற்கதிர் வாலும் உள்ள முடிச்சு அதில் இல்லை. மறுபடியும் பார்த்தோம். இல்லை.

மறுநாள் பதிவேட்டில் ஐந்து என்று எழுதினேன். சபாபதி சார் கூப்பிட்டு அனுப்பினார். இந்தத் தடவை கோப்பில் 'பேசவும்' என்று கூட எழுதவில்லை. ஐந்து என்றால் பாக்கிப் பதினாலு எங்கே என்று கேட்பார்கள், அப்புறம் இரண்டு வருஷம் யார் அளந்தது என்று கேட்பார்கள் என்றார். ஒவ்வொரு அளவின் கீழும் என் பெயர் இருந்தது, அவர் பெயர் ஓரிடத்திலும் இல்லை. எல்லோரையும் கண்ணால் பார்த்து எண்ணினீர்களா என்று கேட்டார். பார்க்கவில்லை. பார்க்காதபோது பழைய பதிவுதான் செல்லும், பத்தொன்பது என்று எழுதுங்கள் என்றார். எனக்கு அப்போது இரண்டு பெண் குழந்தைகள். இதைச் சமாதானமாகச் சொல்லவில்லை, அந்த நிமிஷம் நான் நினைத்தது இதைத்தான்.

ஐந்தை அடித்தேன். பத்தொன்பது என்று எழுதினேன். சுருக்கொப்பம் போட்டேன். இரண்டாவது ஒப்பத்துக்கு, கூடப் போனவர் என்று தரணேந்திரனைக் கூப்பிட்டார்கள். அவர் பேனாவைத் தொடவே இல்லை.

"என் கையால எண்ணினது அஞ்சு சார்" என்றார். "அதுக்காகத்தான் பட்டைத் தொட்டேன்."

சபாபதி சார் அவரிடம் கோபப்படவில்லை. பியூன் ஒப்பம் இல்லாவிட்டாலும் பாதகமில்லை என்று சொல்லிவிட்டார். ஊற்றார் நலன் காத்ததற்காக சபாபதி சாருக்கு அந்த வருஷமே பதவி உயர்வு வந்தது. என்னைத் தேசூருக்கு மாற்றினார்கள், அங்கே ஊற்றும் கிடையாது, வேலையும் கிடையாது. மூன்று வருஷம் கழித்துத் திரும்பி வந்தபோது ஊற்று நாலரைக்கு ஏறியிருந்தது. தூரத்தில் இரண்டு பேர் தெரிந்தார்கள். என்னைப் பார்த்ததும் உள்ளே போய்விட்டார்கள். தரணேந்திரன் ராஜினாமா செய்துவிட்டு ஊரோடு போய்விட்டிருந்தார்.

நான் ஓய்வு பெற்ற அன்று எனக்கு ஒளிப்பட்டில் ஒரு சால்வை போர்த்தினார்கள். பீரோவின் அடித்தட்டில் இருக்கிறது. பீரோவைத் திறந்தால் அது வெளிச்சம் காட்டுகிறது என்று வீட்டில் சந்தோஷப்படுகிறார்கள்.

புதிய உடன்படிக்கையின் வரைவைக் கலைவாணி காட்டினார். 'ஊற்றார் எண்ணிக்கை நெடுங்காலமாகப் பத்தொன்பதாகவே நிலைத்திருப்பதால், ஊரின் பங்கைச் சற்று உயர்த்துவதில் தடையில்லை' என்று இருக்கிறது. இன்னொரு புது விதியும் இருக்கிறது: மனுவில் மனுதாரரின் புகைப்படம் ஒட்ட வேண்டும். சபாபதி சார் இருந்திருந்தால் நீலத்தில் டிக் அடித்திருப்பார்.

கலைவாணியின் கேள்விகளுக்கு வருகிறேன். ஒப்பம் ஒன்றுதான் இருப்பதற்குக் காரணம், அந்த ஆபீசில் அன்றைக்கு யோக்கியமானவர் ஒருவர் இருந்தார், அவர் போட மறுத்தார். போட்டது நான். அடியில் இருக்கும் எண்ணை மேலேயே எழுதிவிட்டேன், ஆனால் எழுதினதை யாராவது அடித்து எழுதுவார்கள். அதனால் இந்தக் காகிதத்தோடு ஒரு சின்னப் பொட்டலம் வைத்திருக்கிறேன். அன்று ஊற்றிலிருந்து திரும்பி வந்த கச்சா நூல், பழுப்பாக, விறைப்பாக இருக்கும். சுருக்கொப்பம் போட்ட அன்று கோப்பிலிருந்து எடுத்து வீட்டுக்குக் கொண்டு வந்துவிட்டேன், அதுவும் குற்றம்தான். பிரித்து, முடிச்சுகளைக் கலைவாணியே எண்ணிக்கொள்ளட்டும்.